ஏப்ரல் 13: நாம தோத்த ஒரு ஃபைனல்

ரொம்ப நாளாச்சு இந்தப் பக்கம் எட்டிப் பார்த்து. கடைசியா எழுதினது ஆயக்குடி கொய்யா பத்தின மொக்கைப் பதிவு. அதுக்கு வந்த பின்னூட்டத்துல பாதி "ரெண்டு கூடை பார்சல் அனுப்புங்க" வகை. இந்தத் தடவை கொய்யா இல்லை மக்களே, ஃபுட்பால். பிடிக்காதவங்க அப்படியே கடைசிப் பத்திக்குப் போயிடலாம், கோச்சுக்க மாட்டேன் :)

போன மாசம் ஊருக்குப் போயிருந்தேன். எங்க ஊரு தெரியாதவங்களுக்கு: பழனியிலிருந்து திண்டுக்கல் ரோட்டுல கிளம்பினா, டிக்கெட் வாங்கி சில்லறையைச் சரிபார்க்கறதுக்குள்ள ஆயக்குடி வந்துடும். தெற்கே திரும்பினா மலை சுவர் மாதிரி நிக்கும். ரோட்டோரம் கொய்யாக் கூடைங்க. இது ரெண்டைத் தவிர எங்க ஊருப் பேர் வெளியில தெரிஞ்சது அரசு வேலைப் பரீட்சைக்கு நடந்த இலவசப் பயிற்சி வகுப்பால. அதனாலயோ என்னவோ, எங்க ஊருல யாரைப் பார்த்தாலும் யாருக்காவது "படிப்பைப் பாரு"ன்னு அட்வைஸ் பண்ணிட்டிருப்பாங்க. நானும் அந்த மண்ணுதானே. நானும் பண்ணினேன். அதைப் பத்திதான் இந்தப் பதிவு.

சித்தப்பா பையன் பதினோராவது படிக்கறான். ஒரு காலத்துல சாயங்காலமானா பள்ளிக்கூட மைதானத்துலதான் கிடப்பான். வெறுங்கால்ல, அர்ஜென்டினா பத்தாம் நம்பர் சட்டையோட. இந்தத் தடவை போனப்போ அஞ்சு மணிக்கு வீட்டுத் திண்ணையில மொபைலை நோண்டிட்டு உட்கார்ந்திருந்தான்.

"ஏன்டா, இப்பல்லாம் ஆடப் போறதில்லையா?"

"இல்லண்ணா. நீங்கதானே வேண்டாம்னீங்க."

"நான் எப்படா சொன்னேன்?"

"செலக்‌ஷனுக்குக் கூப்பிட்டப்போ. நம்ம ஆளுங்க ஃபுட்பால்ல எந்த ஃபைனல் ஆடிருக்காங்க, போய் படிக்கற வேலையைப் பாருன்னீங்க."

பொசுக்குன்னு ஆயிடுச்சு எனக்கு.

ரெண்டு வருசம் முன்னாடி நடந்தது அது. மாவட்ட அளவுல ஏதோ தேர்வுக்குக் கூப்பிட்டிருந்தாங்க. சித்தப்பா எனக்கு போன் போட்டு, "நீ பெங்களூர்ல பெரிய வேலையில இருக்க, நாலும் தெரிஞ்சவன், அனுப்பலாமா வேண்டாமா சொல்லு"ன்னு கேட்டாரு. நான் ஒரு மீட்டிங்குக்கு நடுவுல இருந்தேன். பையன்கிட்ட போனைக் குடுக்கச் சொல்லி, மேலே இருக்கற அந்த டயலாக்கை அடிச்சிட்டு வெச்சிட்டேன். பெங்களூர்ல பொட்டி தட்டறவன் சொன்னா ஊருல வேதவாக்கு. அவனும் போகலை.

பிரச்சினை என்னன்னா, நான் சொன்னது பொய். தெரியாம சொன்ன பொய்யும் இல்லை. நான் ஒரு ஃபைனலை என் கண்ணால பார்த்தவன். அதுக்கு ஒரு மாசம் முன்னாடி, ஃபைனலுக்குச் சமமான இன்னொரு மேட்ச்சை மைதானத்துலயே உட்கார்ந்து பார்த்தவன்.

கொஞ்சம் பின்னாடி போவோம்.

2019 மார்ச் 9. நான் கோயமுத்தூர்ல இன்ஜினியரிங் கடைசி வருசம். ப்ராஜெக்ட் ரிவ்யூ இருக்குன்னு வீட்டுல சொல்லிட்டு (வழக்கமா சொல்றதுதான்) நேரு ஸ்டேடியத்துக்குப் போயிட்டோம். சென்னை சிட்டி எஃப்.சி.க்கு ஐ-லீக்ல கடைசி மேட்ச், எதிர்ல மினர்வா பஞ்சாப். பேருதான் சென்னை சிட்டி, ஆடினது எங்க கோயமுத்தூர்ல. அன்னைக்குக் காலையில கணக்கு இதுதான்: நம்மகிட்ட 40 புள்ளி, ஈஸ்ட் பெங்கால்கிட்ட 39. அவங்க அதே நேரத்துல கோழிக்கோட்டுல கோகுலம் கேரளாவோட ஆடறாங்க. நாம ஜெயிச்சா கோப்பை நமக்கு. நாம சறுக்கி அவங்க ஜெயிச்சா கோப்பை கொல்கத்தாவுக்கு.

ஆரம்பிச்ச கொஞ்ச நேரத்துலயே மினர்வா கோல் போட்டுட்டாங்க. அதுக்கப்புறம் இடைவேளை வரைக்கும் என் பக்கத்துல இருந்தவர் பேசவே இல்லை. ரெண்டாவது பாதியில பெட்ரோ மான்சி பெனால்டியில சமன் பண்ணினாரு. ஸ்பெயின்ல கீழ்மட்ட லீக்குகள்ல ஆடிட்டு இங்க வந்து அந்த ஒரு சீசன்ல 21 கோல் போட்ட மனுசன். அப்புறம் கௌரவ் போரா, தடுப்பாட்டக்காரர், ரெண்டு கோல் போட்டாரு. 3-1. அங்க ஈஸ்ட் பெங்காலும் ஜெயிச்சுது, ஆனா 43க்கு 42. ஒரே ஒரு புள்ளி! தமிழ்நாட்டு அணி ஒண்ணு ஐ-லீக்கை ஜெயிச்சது அதுதான் முதல் தடவை. பக்கத்துல பேசாம இருந்தாரே, அவர் என்னைக் கட்டிப் பிடிச்சிக்கிட்டாரு. இன்னை வரைக்கும் அவர் பேர் தெரியாது.

மேட்ச் முடிஞ்சு காந்திபுரத்துல பஸ் ஏறினா, பஸ் முழுக்க யாருக்கும் எதுவும் தெரியலை. கண்டக்டர்கிட்ட "ஜெயிச்சிட்டோம்ணா"ன்னேன். "எங்க, சேப்பாக்கத்துலயா?"ன்னு கேட்டாரு. அவர் மேல என்ன தப்பு.

அடுத்த மாசம் சூப்பர் கோப்பை. 1977லேர்ந்து 2017 வரைக்கும் ஃபெடரேஷன் கோப்பைன்னு ஒண்ணு நடந்துது, கிளப்புகளுக்கான தேசியக் கோப்பை. அத்தனை வருசத்துல ஒரு தடவை கூட தமிழ்நாட்டு அணி எதுவும் அதை ஜெயிச்சதில்லை. 2018ல அதுக்குப் பதிலா வந்ததுதான் சூப்பர் கோப்பை. ஐ.எஸ்.எல். அணிகளும் ஐ-லீக் அணிகளும் ஒண்ணா கலந்து ஆடற நாக்-அவுட். தோத்தா மூட்டையைக் கட்ட வேண்டியதுதான். 2019ல பல ஐ-லீக் அணிகள் கூட்டமைப்போட சண்டை போட்டுட்டு வரவே இல்லை. சென்னை சிட்டி வந்து ஆடினாங்க.

வந்தவங்க சும்மா வரலை. காலிறுதியில பெங்களூரு எஃப்.சி.யை 2-1ன்னு வீட்டுக்கு அனுப்பினாங்க. அந்த வருச ஐ.எஸ்.எல். சாம்பியன், முந்தின வருச சூப்பர் கோப்பை சாம்பியன் ரெண்டுமே பெங்களூருதான். அட்டவணையோட இன்னொரு பக்கம் சென்னையின் எஃப்.சி. இவங்க கதை இன்னும் வேடிக்கை. 2018 மார்ச்சுல பெங்களூருவை அவங்க மைதானத்துலயே 3-2ன்னு ஜெயிச்சு ஐ.எஸ்.எல். கோப்பையைத் தூக்கினவங்க, அடுத்த சீசன்ல பத்து அணிகள்ல பத்தாவது. பதினெட்டு மேட்ச்ல ஒன்பதே புள்ளி. அரியர் வெச்ச நம்ம பசங்களே பரவாயில்லைங்கற நிலைமை. அப்படிப்பட்ட அணி கோப்பைப் போட்டியில ஒவ்வொரு சுத்தா தாண்டி அரையிறுதிக்கு வந்துடுச்சு.

நாலு அணிகள் மிச்சம். அதுல ரெண்டு நம்மது! கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. ஒரு தேசியக் கோப்பை ஃபைனல், ரெண்டு பக்கமும் தமிழ்நாட்டு அணி. அதுக்கு ரெண்டே ரெண்டு மேட்ச் தூரத்துல நின்னோம். அந்த வாரம் டீக்கடையில, பஸ்ஸுல, காலேஜ் கேன்டீன்ல யாராவது இதைப் பேசி நான் கேட்டதில்லை.

அது நடக்கலை. சென்னை சிட்டி கோவாகிட்ட 3-0ன்னு தோத்தாங்க. சென்னையின் ஏ.டி.கே.வை 2-0ன்னு ஜெயிச்சு ஃபைனலுக்குப் போனாங்க.

2019 ஏப்ரல் 13, சனிக்கிழமை, புவனேஸ்வர் கலிங்கா ஸ்டேடியம். மறுநாள் சித்திரை ஒண்ணு. நான் ஊருக்கு வந்திருந்தேன். வீட்டுக்குள்ள அம்மா தட்டுல கண்ணாடி, பழம், பூ எல்லாம் எடுத்து வெச்சிட்டிருந்தாங்க. டி.வி. அப்பத்தா கையில, அதை வாங்க முடியாது. மொட்டை மாடியில தண்ணித் தொட்டிக்குப் பக்கத்துல சிக்னல் நல்லா வரும். போனைத் தொட்டியில சாய்ச்சு வெச்சு அங்கேயே உட்கார்ந்துட்டேன். கூட வந்து ஒட்டிக்கிட்டது இதே சித்தப்பா பையன். அப்ப அவனுக்கு வயசு பத்து இருக்கும்.

முதல் பாதியில கோல் இல்லை. ரெண்டாவது பாதி ஆரம்பிச்சதும் 51வது நிமிசம் கோரோ கோவாவுக்கு அடிச்சாரு. மூணே நிமிசத்துல ரஃபேல் அகஸ்டோ நமக்குத் திருப்பிக் குடுத்தாரு. நான் கத்தின கத்துல கீழே இருந்து அம்மா "என்னடா, பாம்பா?"ன்னு கேட்டாங்க. 64வது நிமிசம் பிராண்டன் ஃபெர்னாண்டஸ். 2-1. அதுக்கப்புறம் நமக்கு கோல் வரலை. கடைசி சில நிமிசம் இருக்கறப்போ போன்ல சார்ஜ் தீர்ந்து அணைஞ்சு போச்சு. ஓடிப் போய் சமையல்கட்டுல சொருகி, அது உயிர் பெத்து வர்றதுக்குள்ள கோவாக்காரங்க கோப்பையோட நிக்கறாங்க. பெரிய கோப்பைன்னு அவங்களுக்கு அதுதான் முதல். அதுக்கு முந்தின மாசம்தான் ஐ.எஸ்.எல். ஃபைனல்ல தோத்திருந்தாங்க. அழுகை அழுகையா வந்துது எனக்கு. ஆனா வெளியில சொன்னா சிரிப்பாங்க. சொல்லலை.

கதை அதோட முடியலை. மே 22, லூதியானா. மகளிர் லீக் ஃபைனல். மதுரை சேது எஃப்.சி. மணிப்பூர் போலீஸை 3-1ன்னு ஜெயிச்சு இந்திய சாம்பியன் ஆனாங்க. நம்ம ஊருலேர்ந்து ரெண்டரை மணி நேர பஸ் தூரத்துல இருக்கற ஊரு அணி! அதுக்கு முந்தின வருசமே, 2018 பிப்ரவரியில, கட்டாக்குல நடந்த தேசிய மகளிர் ஃபைனல்ல தமிழ்நாடு மணிப்பூரை 2-1ன்னு ஜெயிச்சிருந்தது. மகளிர் ஃபுட்பால்ல மணிப்பூரை ஃபைனல்ல ஜெயிக்கறது, அந்தக் காலத்து ஆஸ்திரேலியாவை கிரிக்கெட்ல ஜெயிக்கற மாதிரி. கடலூர் இந்துமதி கதிரேசன் ஆடின அணி அது. 2023ல அமிர்தசரஸ்ல ஹரியானாவை ஜெயிச்சு அதே கோப்பையை மறுபடியும் கொண்டு வந்தாங்க.

இப்ப எல்லாத்தையும் வரிசையா வைங்க. மார்ச்சுல ஒரு லீக் கோப்பை. ஏப்ரல்ல ஒரு தேசியக் கோப்பை ஃபைனல். மே மாசம் ஒரு மகளிர் சாம்பியன் பட்டம். எழுபத்தஞ்சு நாள் கூட இல்லை. இந்திய ஃபுட்பால்ல வேற எந்த மாநிலமும் பொறாமைப்படற வசந்த காலம் அது. ஆனா 2019 மே மாசம்னா நமக்கு என்ன ஞாபகம் வரும்? 12ஆம் தேதி ஹைதராபாத், ஒரு ரன்னுல சூப்பர் கிங்ஸ் தோத்தது, வாட்சனோட முட்டியில ரத்தம். எங்க பழனிக்காரங்களைக் கேட்டா, பஞ்சாமிர்தத்துக்குப் புவிசார் குறியீடு கெடைச்ச வருசம்பாங்க. எனக்கும் ரெண்டும் ஞாபகம் இருக்கு, ரெண்டும் சந்தோசமான (ஒண்ணு சோகமான) விசயம்தான். கிரிக்கெட்டைத் திட்டறதுக்காக இதை எழுதலை. நானே மஞ்சள் சட்டைக்காரன்தான். என் கேள்வி, ஒரு ரன்னுல தோத்ததை ஊரே சேர்ந்து அழுத நாம, ஒரு கோல்ல தோத்ததை ஏன் தனித்தனியா மொட்டை மாடியில அழுதோம்ங்கறதுதான்.

இங்க சில நண்பர்கள் என்ன சொல்லுவாங்கன்னு தெரியும்.

ஒண்ணு, "அதெல்லாம் காசு போட்டு வாங்கின அணி, பாதிப் பேர் வெளிநாட்டுக்காரன், அது எப்படி நம்ம அணி?" சரி. தோனி ராஞ்சி, வாட்சன் ஆஸ்திரேலியா. அவங்களை நம்மாளுன்னு சொல்ல நமக்கு யாரும் சொல்லித்தரலை. பத்து வருசம் பேசிப் பேசியே நம்மாளாக்கினோம். தவிர, சென்னை சிட்டியில அஜித் குமார், எட்வின் சிட்னி, ரொமாரியோ ஜேசுராஜ்னு நம்ம பசங்க ஆடினாங்களே, அவங்களை எத்தனை பேருக்குத் தெரியும்? 2018ல ஐ.எஸ்.எல். ஜெயிச்ச அணியில இருந்த தனபால் கணேஷ் வியாசர்பாடிக்காரர். மெஸ்ஸி எந்த ஊருன்னு கேட்டா என் தம்பி ரொசாரியோன்னு தெருப் பேர் முதற்கொண்டு சொல்லுவான். வியாசர்பாடியை அவனுக்கு யாரும் சொன்னதில்லை. நானும் சொன்னதில்லை.

ரெண்டாவது, "தோத்த மேட்ச்சை எதுக்குய்யா இவ்வளவு நாள் கழிச்சு?" இதுக்கு ஒரு பிரெஞ்சுக் கதை சொல்றேன். கலேன்னு கடலோர ஊரு. அந்த ஊரு அணி நாலாவது டிவிஷன். வாத்தியார், துறைமுகத் தொழிலாளி, கடைக்காரர்னு வேலைக்குப் போயிட்டு வந்து ஆடறவங்க. அவங்க 2000ல பிரெஞ்சுக் கோப்பை ஃபைனல் வரைக்கும் போயிட்டாங்க. பாரிஸ் பக்கத்துல தேசிய மைதானம், எதிர்ல நாந்த். முதல் கோல் கலேதான் போட்டுது. கடைசி நிமிசத்துல ஒரு பெனால்டியில 2-1ன்னு தோத்தாங்க. நாந்த் கேப்டன் கோப்பையைத் தனியா தூக்கலை. கலே கேப்டனையும் கூப்பிட்டு ரெண்டு பேரும் சேர்ந்து தூக்கினாங்க. அந்த கலே கிளப் 2017ல கடன்ல மூழ்கி இல்லாமலே போயிடுச்சு. ஆனா ஆயக்குடியில பொறந்த நான் அந்தக் கதையை உங்களுக்குச் சொல்றேன் பாருங்க. ஏன்? அவங்க எழுதி வெச்சாங்க, பேசிட்டே இருந்தாங்க.

சென்னை சிட்டியும் 2020-21 சீசனுக்கு அப்புறம் ஐ-லீக்ல ஆடலை. கோப்பை ஜெயிச்சு ரெண்டே வருசம். அதுக்கு நிர்வாகம், பணம், உரிமம்னு பல காரணம் இருக்கலாம், அதைப் பிரிச்சு மேயற அளவுக்கு எனக்கு அறிவு இல்லை. ஆனா ஒண்ணு தெரியும். அந்த அணி காணாமப் போனப்போ கேள்வி கேட்க ஆளில்லை. இருந்ததே தெரியாதவங்க, இல்லாமப் போனதை எப்படிக் கேட்பாங்க?

மூணாவது, "ஃபுட்பால் சோறு போடுமா?" இது சித்தப்பா கேள்வி. நியாயமான கேள்வி. பதில் எனக்குத் தெரியாது. பெரும்பாலும் போடாதுங்கறதுதான் நிஜம். பையன் இந்திய அணிக்கு ஆடுவான்னெல்லாம் நான் நினைக்கலை. வலது காலைத் தவிர அவனுக்கு வேற கால் கிடையாது :-) ஆனா "கஷ்டம், யோசிச்சுக்கோ"ன்னு சொல்றது வேற. "அங்க ஒண்ணுமே இல்லை, நம்மாளு எவனும் போனதில்லை"ன்னு சொல்றது வேற. முதலாவது அட்வைஸ். ரெண்டாவது, இருக்கற பாதையை மண்ணு போட்டு மூடிட்டு, பாதையே இல்லைன்னு சொல்றது. நான் செஞ்சது ரெண்டாவது.

2012ல சந்தோஷ் டிராபி ஃபைனல்ல தமிழ்நாடு சர்வீசஸ்கிட்ட 3-2ன்னு தோத்தது. அந்தக் கோப்பையை நாம இன்னும் ஒரு தடவை கூட ஜெயிச்சதில்லை. அந்த ஃபைனல் பத்தி தமிழ்ல தேடிப் பாருங்க. மேட்ச் ஆடின பதினோரு பேர் என்ன நினைச்சாங்க, எந்தெந்த ஊருலேர்ந்து வந்தாங்கன்னு ஒரு நல்ல பக்கம் என் கண்ணுல படலை. பதிவர்கள் நாம எதுக்கு இருக்கோம்? நேத்து வந்த படத்துக்கு நாற்பது விமர்சனம் எழுதறோம். அதுல ஒண்ணைக் குறைச்சுக்கிட்டா குடியா முழுகிடும்?

அதனால என் கருத்து ரொம்பச் சின்னது. கோப்பையை ஜெயிக்கறது ஆடறவங்க வேலை. அப்படி ஒரு ஃபைனல் நடந்துதுன்னு அடுத்த பத்து வயசுப் பையனுக்குச் சொல்றது நம்ம வேலை. அதுல அவங்க சரியா செஞ்சாங்க, நாம செய்யலை.

திண்ணைக்கு வர்றேன். அன்னைக்கு சாயங்காலம் தம்பிகிட்ட இதையெல்லாம் சொன்னேன். நேரு ஸ்டேடியம், 43க்கு 42, சேது எஃப்.சி., எல்லாம். வாயைத் திறக்காம கேட்டான். புவனேஸ்வர் ஃபைனலுக்கு வந்தப்போ நிமிர்ந்து பார்த்தான்.

"மாடியில பார்த்தோமே... போன்ல சார்ஜ் போச்சே, அதுவாண்ணா?"

"அதேதான்டா."

"அது ஃபைனலா? நான் சும்மா ஏதோ மேட்ச்னு நினைச்சேன்."

"நம்ம டீம் ஆடின ஃபைனல்டா."

கொஞ்ச நேரம் மலைப் பக்கமே பார்த்துட்டு இருந்தான். அப்புறம் "அப்ப ஏன்ணா என்கிட்ட அப்படிச் சொன்னீங்க?"ன்னு கேட்டான்.

மன்னிப்புக் கேட்டேன். வேற என்ன சொல்ல? சித்தப்பாகிட்டயும் பேசியிருக்கேன். "பரீட்சை முடியட்டும் பார்ப்போம்"னு சொல்லியிருக்காரு. எங்க ஊருல அதுவே பெரிய வெற்றி. மறுநாள் காலையில பஸ்ஸுக்கு நிக்கறப்போ பார்த்தேன், அர்ஜென்டினா சட்டை கொடியில காஞ்சிட்டிருந்தது. ஆடிட்டு வந்து துவைச்சதா, சும்மா துவைச்சதான்னு கேட்கலை.

உங்க ஊருலேர்ந்து யாராவது ஏதாவது ஒரு ஃபைனல் ஆடியிருந்தா, கபடியோ, வாலிபாலோ, ஃபுட்பாலோ, தோத்ததோ ஜெயிச்சதோ, எழுதுங்க. நான் வந்து படிக்கறேன். சத்தியமா.

டிஸ்கி: ப்ராஜெக்ட் ரிவ்யூ விசயம் அம்மாவுக்கு இன்னும் தெரியாது. பின்னூட்டத்துல யாரும் போட்டுக் குடுக்க வேண்டாம். கொய்யா அனுப்பறேன்.